புளி உலுக்கும் மாதத்தில் ஒரு தவணை

நம் குடியிருப்பு நண்பர் ஒருவர், "கடன் வழக்கில் சம்மன் வந்தால் வாங்காமல் திருப்பி அனுப்பிவிடலாமா?" என்று கேட்டார். எனக்கு ஜவ்வாது மலைப் பெரியவர் ஒருவர் நினைவுக்கு வந்தார்.

மலையடிவாரத்தில் ஒரு வங்கிக் கிளையில் நான் எழுத்தராக இருந்த சமயம். ஜமுனாமரத்தூர் பக்கத்திலிருந்து வந்த அந்த மலையாளிப் பழங்குடிப் பெரியவரின் கறவை மாட்டுக் கடன் நிலுவையில் இருந்தது. மக்கள் நீதிமன்றத்தில் மாதத் தவணை எழுத நாங்கள் தயாரானபோது அவர் சொன்னார்: "மாசம் பொறந்தா சம்பளம் வர்றது உங்களுக்கு சார். எனக்குப் புளி உலுக்கினாதான் காசு, சாமை அறுத்தாதான் காசு." நியாயம்தான். வருடத்துக்கு இரண்டு தவணை என்று முடிவாயிற்று. அவர் கைநாட்டு வைத்தார்.

இந்தத் தவணை முறைக்கு நீண்ட வரலாறு உண்டு. 1875-ல் புனே, அகமதுநகர் பகுதி விவசாயிகள் வட்டிக்காரர்களின் கடன் பத்திரங்களைப் பறித்துத் தீயிட்டார்கள். அதன் விளைவாக வந்த 1879-ஆம் ஆண்டு தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம், அவர்களின் கடனுக்குத் தவணை விதிக்கும் அதிகாரத்தை நீதிமன்றங்களுக்குத் தந்தது. நம் மாகாணத்தில் ராஜாஜி அரசின் 1938-ஆம் ஆண்டு விவசாயிகள் நிவாரணச் சட்டம் இன்னும் ஒரு படி மேலே போனது. 1932 அக்டோபருக்கு முந்தைய கடனில், அசலைப் போல இரு மடங்கு கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது என்றது.

இன்று நமக்கெல்லாம் பொருந்துவது 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 20, விதி 11. பணம் கட்டச் சொல்லும் தீர்ப்பை வழங்கும்போதே, தகுந்த காரணம் இருந்தால் நீதிபதி தவணை கொடுக்கலாம். தீர்ப்புக்குப் பிறகு என்றால் கடன் கொடுத்தவர் சம்மதிக்க வேண்டும். 30 நாளுக்குள் மனு போட வேண்டும். ஆக, முதல் நாளே ஆஜராகிறவருக்குத்தான் வழி அகலம். வராதவருக்கு ஒருதலைப்பட்சத் தீர்ப்புதான்.

1987-ஆம் ஆண்டு சட்டப்படி மக்கள் நீதிமன்றத்தில் ஆகும் சமரசமும் நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். மேல்முறையீடு கிடையாது. தவணை தவறினால் நிறைவேற்று மனு வரும். எனவே கட்ட முடிந்த தொகைக்கு மட்டும் கையெழுத்திடுங்கள். வசதியிருந்தும் கட்டாதவர் வேறு, வழியில்லாதவர் வேறு. ஏழ்மைக்காக ஒருவரைச் சிறையில் தள்ளக் கூடாது என்று 1980-ல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி கிருஷ்ண ஐயர் தீர்ப்பளித்தார்.

மலைப் பெரியவர் ஒரு தவணையும் தவறவில்லை. கடைசித் தவணையன்று எனக்கு ஒரு பை புளி கொண்டுவந்தார். காசு கொடுத்துத்தான் வாங்கிக்கொண்டேன். அவருக்குச் சற்று வருத்தம்.

நண்பருக்கு என் பதில் இதுதான்: சம்மனை வாங்குங்கள். உங்கள் வரவு செலவை ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு, குறித்த தேதியில் நேரில் போய் நில்லுங்கள்.