கணினியும் ஒலிபெருக்கியும்: புதுச்சேரிக் கிராம அறிவு மையங்களின் வரலாறு (1998–2007)

ஆய்வுச்சுருக்கம்

1998ஆம் ஆண்டு சனவரியில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் புதுச்சேரிப் பகுதியில் தகவல் கிராம ஆய்வுத் திட்டத்தைத் தொடங்கியது. ஊரக வளர்ச்சிக்கு மின்னணுத் தொழில்நுட்பத்தைப் பயன்படுத்திய இந்திய முன்னோடி முயற்சிகளுள் இது ஒன்று. இத்திட்டம் பெரும்பாலும் தொழில்நுட்பச் சாதனையாகவே பேசப்பட்டுள்ளது. அதனை உள்ளாட்சி வரலாற்றோடு இணைத்து நோக்குகிறது இக்கட்டுரை. தேர்ந்தெடுக்கப்பட்ட ஊராட்சி இல்லாத காலத்தில் 'ஊர்' என்ற பெயரில் ஒப்பந்தம் செய்துகொள்ளத் தகுதியுடையோர் யார் என்ற வினாவே மையங்களின் ஆற்றலையும் எல்லையையும் வரையறுத்தது என்பது இக்கட்டுரையின் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: கிராம அறிவு மையம், வில்லியனூர், வீராம்பட்டினம், நல்லவாடு, உள்ளாட்சி, நிலைத்த வளர்ச்சி

முன்னுரை

நிலைத்த வளர்ச்சி என்னும் கருத்தாக்கம் 1987இல் வெளியான புருண்ட்லாண்ட் ஆணைய அறிக்கைக்குப் பின்னர் உலக அளவில் பரவியது. வருங்காலத் தலைமுறையினரின் தேவைகளுக்கு ஊறு நேராவண்ணம் இன்றைய தேவைகளை நிறைவு செய்தல் என்பது அதன் சாரம். தொடக்கத்தில் இக்கருத்து காடு, நீர், மண், ஆற்றல் ஆகிய இயற்கை வளங்களைச் சுற்றியே அமைந்தது. தகவலும் ஒரு வளமே, அதன் பங்கீட்டிலும் நீதி வேண்டும் என்னும் எண்ணம் 1990களில் வலுப்பெற்றது. அவ்வெண்ணத்தைக் கள அளவில் சோதித்துப் பார்த்த இடங்களுள் புதுச்சேரி குறிப்பிடத்தக்கது.

களத்தின் பின்னணி

புதுச்சேரிப் பகுதி ஒரே தொடர்ச்சியான நிலப்பரப்பு அன்று. பிரெஞ்சு ஆட்சியின் எச்சமாக அதன் ஊர்கள் தமிழ்நாட்டு ஊர்களுக்கிடையே சிதறிக் கிடக்கின்றன. ஒரு வயலின் இருபுறமும் இருவேறு அரசுகளின் திட்டங்களும் மானியங்களும் நடைமுறையில் இருக்கும் நிலை இங்கு இயல்பானது. தமக்குரிய சலுகை எந்த அலுவலகத்தில் கிடைக்கும் என்பதை அறிவதே ஊரக மக்களுக்கு ஒரு சுமையாக இருந்தது.

1880ஆம் ஆண்டின் பிரெஞ்சு ஆணை இப்பகுதியில் கொம்யூன் என்னும் உள்ளாட்சி அலகுகளை உருவாக்கியது. வில்லியனூர், பாகூர், உழவர்கரை முதலியவை அவற்றுள் அடங்கும். 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் கூடிய மக்கள் பிரதிநிதிகள் 178 பேருள் 170 பேர் இந்தியாவுடன் இணைவதற்கு வாக்களித்தனர். ஆட்சி மாற்றத்தையே உள்ளாட்சிப் பிரதிநிதிகளின் வாக்கைக்கொண்டு தீர்மானித்த இம்மண்ணில், 1968க்குப் பின்னர் 2006 வரை ஏறத்தாழ 38 ஆண்டுகள் உள்ளாட்சித் தேர்தல் நடைபெறவில்லை. தகவல் கிராமத் திட்டத்தின் முதல் எட்டாண்டுகள் இவ்விடைவெளிக்குள் அடங்குகின்றன. திட்டத்தின் வரலாற்றைப் புரிந்துகொள்ள இச்செய்தி இன்றியமையாதது.

நகரத்தின் தொழில் வரலாறு வேறு திசையில் சென்றது. பிரெஞ்சுக் காலத்துப் பஞ்சாலைகளைத் தொடர்ந்து தட்டாஞ்சாவடி, மேட்டுப்பாளையம் போன்ற இடங்களில் தொழிற்பேட்டைகள் எழுந்தன. நகரின் விளிம்புவரை வந்த இவ்வளர்ச்சி, அதற்கப்பாலுள்ள நெல், கரும்பு விளையும் ஊர்களுக்கும் மீனவர் குப்பங்களுக்கும் தொலைபேசி வசதியைக்கூட உரிய அளவில் கொண்டு சேர்க்கவில்லை.

உயிரிகிராமத்திலிருந்து தகவல் கிராமத்திற்கு

கும்பகோணத்தில் பிறந்த வேளாண் அறிவியலாளர் எம்.எஸ். சுவாமிநாதன் (1925–2023), 1987இல் முதலாவது உலக உணவுப் பரிசைப் பெற்றார். அப்பரிசுத் தொகையைக்கொண்டு 1988இல் சென்னையில் ஆராய்ச்சி நிறுவனத்தை அமைத்தார். பசுமைப் புரட்சியின் முன்னணியில் நின்ற அவர், அதன் சூழலியல் விளைவுகளைக் கருத்தில்கொண்டு, வளம் குன்றாத வேளாண்மையை வலியுறுத்தத் தொடங்கிய காலம் அது. 1990களின் தொடக்கத்தில் பிள்ளையார்குப்பம், சிவராந்தகம், கீழூர் ஆகிய ஊர்களில் உயிரிகிராமத் திட்டம் தொடங்கப்பட்டது. காளான் வளர்ப்பு, மீன் வளர்ப்பு, கறவை மாடு பராமரிப்பு போன்ற தொழில்களை நிலமற்றோரும் சிறு விவசாயிகளும் மேற்கொள்ள அது வழிவகுத்தது.

இத்தொழில்களில் ஈடுபட்டோருக்கு அடிக்கடி எழுந்த தேவை தகவல். விலை, நோய், கடன், சந்தை ஆகியவற்றைப் பற்றிய செய்திகள் உரிய நேரத்தில் கிடைக்கவில்லை. எட்டாதவர்களை எட்டுதல் என்னும் நோக்கில் 1992இல் நிறுவனம் நடத்திய கலந்துரையாடல் இச்சிக்கலை முன்வைத்தது. கனடா நாட்டின் பன்னாட்டு வளர்ச்சி ஆராய்ச்சி மையத்தின் நிதியுதவியுடன் 1998இல் தகவல் கிராம ஆய்வுத் திட்டம் உருப்பெற்றது. வி. பாலாஜி இதனை வழிநடத்தினார். தகவல் அறிவியலாளர் சுப்பையா அருணாசலம் இதன் கருத்துருவாக்கத்திலும் ஆவணப்படுத்தலிலும் பெரும்பங்கு வகித்தார்.

கணினியை நிறுவுவதற்கு முன்னர் ஊர்களில் தகவல் எவ்வாறு பரவுகிறது என்று கள ஆய்வு செய்யப்பட்டது. தேநீர்க் கடை, சந்தை, பால் கூட்டுறவுச் சங்கம், அண்டை வீடு ஆகியவையே மக்களின் செய்தி வாயில்கள் என்பது தெரியவந்தது. புதிய கருவி இப்பழைய வாயில்களோடு இணைய வேண்டும், அவற்றுக்கு மாற்றாக நிற்கக் கூடாது என்ற தெளிவு இவ்வாய்வால் கிடைத்தது.

மையமும் கிளைகளும்

வில்லியனூர் நடுவண் மையமாக அமைந்தது. சுற்றியுள்ள ஊர்களின் மையங்கள் சக்கரத்தின் ஆரங்களைப்போல் அதனோடு இணைக்கப்பட்டன. இணையத்திலும் அரசுத் துறைகளிலும் ஆங்கிலத்தில் கிடைத்த செய்திகள் வில்லியனூரில் தமிழாக்கப்பட்டு, உள்ளூர்த் தேவைக்கேற்பச் சுருக்கப்பட்டு, ஊர் மையங்களுக்கு அனுப்பப்பட்டன. தொலைபேசி இணைப்பு நம்பகமாக இல்லாத இடங்களில் மீயுயர் அதிர்வெண் வானொலிக் கருவிகள் வழியாகக் குரலும் தரவும் பரிமாறப்பட்டன. மின்வெட்டைச் சமாளிக்கச் சூரிய ஒளித் தகடுகள் பொருத்தப்பட்டன.

தமிழில் தரவுகளை உருவாக்குவது எளிதாக இருக்கவில்லை. தமிழ் எழுத்துருக்களும் விசைப்பலகைகளும் தரப்படுத்தப்படாத காலம் அது. தமிழ்நெட் 99 மாநாடு சென்னையில் 1999 பிப்ரவரியில்தான் நடந்தது. ஓர் எழுத்துருவில் தட்டச்சு செய்தது மற்றொரு கணினியில் படிக்க இயலாததாக மாறும் இடர்ப்பாடு அக்காலத் தமிழ்க் கணிமை முழுவதற்கும் பொதுவானது.

மையங்களின் உள்ளடக்கம் எளிமையானது. நெல், இடுபொருள் விலைகள், அரசு நலத்திட்டங்களின் விதிகள், மருத்துவர்கள், கால்நடை மருத்துவர்களின் பட்டியல், பேருந்து, தொடர்வண்டி நேரங்கள், பொதுத்தேர்வு முடிவுகள் ஆகியவை மிகுதியாகக் கேட்கப்பட்டன. வறுமைக்கோட்டுக்குக் கீழ் உள்ள குடும்பங்களின் பட்டியலை ஊரார் காணும்படி வைத்தது தனித்துக் குறிப்பிடத்தக்கது. அலுவலகக் கோப்பில் இருந்த பெயர்களை ஊரார் சரிபார்க்க முடிந்தபோது, தகுதியுள்ளோர் விடுபட்டிருப்பதும் தகுதியற்றோர் இடம்பெற்றிருப்பதும் பேசுபொருளாயின. 'நம்ம ஊரு செய்தி' என்னும் உள்ளூர் இதழும் இம்மையங்களிலிருந்து வெளிவந்தது.

ஏம்பலத்தில் கன்று ஈனமுடியாமல் பல நாள் துன்புற்ற பசுவின் உடைமையாளரான பெண், மையத்திலிருந்த பட்டியலின் துணையால் கால்நடை மருத்துவரை வரவழைத்துக் கன்றையும் பசுவையும் காப்பாற்றிய நிகழ்வு 2000ஆம் ஆண்டில் பன்னாட்டு இதழ்களிலும் இடம்பெற்றது. இங்குப் பயன்பட்டது உயர்தொழில்நுட்பம் அன்று. முறையாகத் தொகுக்கப்பட்ட ஒரு பெயர்ப்பட்டியல். ஒரே மாட்டை நம்பி வாழும் குடும்பத்திற்கு அப்பட்டியலின் மதிப்பு அளவிடற்கரியது.

இடம், சாதி, பாலினம்

நிறுவனம் கருவிகளையும் பயிற்சியையும் அளித்தது. இடமும் பணியாளர்களும் ஊரின் பொறுப்பு. மையம் பொது இடத்தில் அமைய வேண்டும். சாதி, பாலின வேறுபாடின்றி அனைவரும் வந்துசெல்ல இயல வேண்டும் என்பது அடிப்படை நிபந்தனை. இந்நிபந்தனையை ஏற்று ஊரின் சார்பில் யார் கையொப்பமிடுவது என்ற இடத்தில்தான் உள்ளாட்சி வெற்றிடம் புலப்பட்டது. தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் இல்லாத நிலையில் கோயில் அறங்காவலர்கள், மீனவர் மரபுப் பஞ்சாயத்து, மகளிர் தன்னுதவிக் குழுக்கள், கூட்டுறவுச் சங்கங்கள் போன்ற அமைப்புகளே 'ஊர்' என்ற நிலையில் நின்றன.

இவ்வேற்பாட்டுக்கு ஒரு வலிமை இருந்தது. மரபு அமைப்புகளின் சொல்லுக்கு ஊரில் மதிப்பு இருந்ததால் மையங்கள் விரைவில் வேரூன்றின. ஆனால் அவ்வமைப்புகள் தம் வழக்கங்களையும் உடன் கொண்டுவந்தன. ஏம்பலத்தில் மையம் கோயில் வளாகத்தில் அமைந்தது. மாதவிலக்கு நாள்களில் பெண்கள் கோயிலுக்குள் வராத வழக்கம் மையத்தின் பயன்பாட்டையும் பாதித்தது. தலித் மக்கள் தயக்கமின்றி நுழையத்தக்க இடமா என்ற வினா ஒவ்வோர் ஊரிலும் எழுந்தது. அனைவருக்கும் வாயில் திறந்திருத்தல் என்னும் நிபந்தனை காகிதத்தில் எழுதுவதற்கு எளிது. வீட்டுத் திண்ணையையும் கோயில் வாசலையும் சாதி வரையறுக்கும் ஊரில் அது அன்றாடப் போராட்டம்.

பெண்களைப் பொறுத்தவரை இரு போக்குகள் ஒருங்கே காணப்பட்டன. மையங்களை இயக்கிய தன்னார்வலர்களுள் பெண்கள் மிகுதி. பள்ளிப் படிப்பை மட்டுமே முடித்த பெண்கள் கணினியைக் கையாண்டு, அதிகாரிகளிடம் விவரம் கேட்டு, ஊராருக்கு விளக்கினர். அவர்களுடைய சமூக மதிப்பு உயர்ந்தது. எனினும் அவ்வுழைப்பின் பெரும்பகுதி ஊதியமற்ற தொண்டாகவே கருதப்பட்டது. திட்டத்தின் நிலைப்பைப் பற்றிய எந்த மதிப்பீடும் இதனைப் புறக்கணித்தல் இயலாது.

கடலோரத்தில்

அரிக்கமேட்டுக்கு அருகிலுள்ள வீராம்பட்டினத்தில் மீனவர்களின் தேவை வேறாக இருந்தது. கட்டுமரத்திலும் சிறு படகிலும் செல்வோருக்கு அலையின் உயரமே உயிர்ச்செய்தி. அமெரிக்கக் கடற்படையின் இணையதளம் வெளியிட்ட அலை உயர முன்கணிப்புகளை வில்லியனூர் மையம் இறக்கித் தமிழில் சுருக்கி அனுப்பியது. வீராம்பட்டினம் மையம் அதனை ஒலிபெருக்கியில் நாள்தோறும் அறிவித்தது. போர்க் கப்பல்களுக்கென உருவாக்கப்பட்ட தரவு கட்டுமரத்திற்குப் பயன்பட்டது. பின்னர் ஐதராபாத்திலுள்ள இந்தியத் தேசியப் பெருங்கடல் தகவல் சேவை மையத்தின் செய்திகளும் பயன்படுத்தப்பட்டன.

இங்கு ஒலிபெருக்கியின் இடம் கவனத்திற்குரியது. கணினித் திரையைப் பார்க்க எழுத்தறிவும் ஓய்வும் துணிவும் வேண்டும். ஒலிபெருக்கிக்கு இவை எவையும் வேண்டா. வலை பின்னுபவருக்கும், மீன் விற்கப் புறப்படுபவருக்கும், மையத்தின் வாயிலை மிதிக்கத் தயங்குபவருக்கும் அது ஒருசேர எட்டியது.

2004 திசம்பர் 26 அன்று இவ்வமைப்பு அதன் கடுமையான சோதனையைச் சந்தித்தது. இந்தியப் பெருங்கடலில் அந்நாளில் ஆழிப்பேரலை எச்சரிக்கை அமைப்பு எதுவும் இல்லை. சிங்கப்பூரில் பணிபுரிந்த நல்லவாட்டைச் சேர்ந்த ஒருவர், சுமத்திரா நிலநடுக்கச் செய்தியைக் கேட்டு ஊருக்குத் தொலைபேசியில் எச்சரித்தார். பூட்டியிருந்த அறிவு மையத்தின் கதவை உடைத்துத் திறந்த ஊரார் ஒலிபெருக்கியில் அறிவிப்புச் செய்தனர். மக்கள் கடற்கரையை விட்டு வெளியேறினர். ஏறத்தாழ 150 வீடுகளும் 200 படகுகளும் அழிந்தன. ஏறத்தாழ 3,600 மக்களைக் கொண்ட அவ்வூரில் உயிரிழப்பு நேரவில்லை.

இந்நிகழ்வு இணையத்தின் வெற்றியாகச் சில இடங்களில் விவரிக்கப்பட்டுள்ளது. உண்மையில் அன்று இணையம் எச்சரிக்கவில்லை. புலம்பெயர்ந்த உறவு, தொலைபேசி, ஒலிபெருக்கி, அந்த ஒலியை நம்பும் பழக்கம் ஆகிய நான்கும் ஒன்றிணைந்தன. ஒலிபெருக்கி வழி வரும் கடற்செய்தியை நாள்தோறும் கேட்டுப் பழகிய ஊர், ஒரு காலையில் வந்த வழக்கத்திற்கு மாறான செய்தியையும் ஐயுறாமல் ஏற்றது. மையம் ஈட்டியிருந்த மெய்யான முதல் இந்நம்பிக்கையே. நாட்டின் ஆழிப்பேரலை முன்னெச்சரிக்கை மையம் ஐதராபாத்தில் 2007 அக்டோபரில் செயல்படத் தொடங்கியது. இறுதிக் கல் தொலைவுக்குச் செய்தியைக் கொண்டுசெல்வது யார் என்ற வினா அதன்பின்னும் தொடர்கிறது.

பிற முயற்சிகளும் நிலைப்பும்

புதுச்சேரி முயற்சிக்கு 2001இல் ஸ்டாக்ஹோம் சேலஞ்ச் விருது கிடைத்தது. அதே காலகட்டத்தில் வேறு மாதிரிகளும் தோன்றின. மத்தியப் பிரதேசத்தின் தார் மாவட்டத்தில் 2000 சனவரியில் தொடங்கிய ஞானதூத் அரசுச் சேவைகளை முதன்மைப்படுத்தியது. அதே ஆண்டில் ஐ.டி.சி. நிறுவனம் தொடங்கிய இ-சௌபால் விளைபொருள் கொள்முதலோடு இணைந்தது. சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் அசோக் ஜுன்ஜுன்வாலா குழுவினர் வடிவமைத்த கம்பியில்லாத் தொழில்நுட்பத்தை அடிப்படையாகக்கொண்டு மதுரை மாவட்டம் மேலூர்ப் பகுதியில் 2001இல் கட்டணக் கணினி நிலையங்கள் தொடங்கப்பட்டன. அங்கு நிலையத்தை நடத்துபவர் ஒரு சிறு தொழில்முனைவோர்.

இம்மாதிரிகளுக்கிடையிலான வேறுபாடு நிலைப்பு என்பதன் பொருளைப் பற்றியது. கட்டண நிலையம் வருவாயை நிலைப்பின் அளவுகோலாகக் கொண்டது. அது கொடையாளரைச் சார்ந்து நிற்பதில்லை. ஆனால் கட்டணம் செலுத்த இயலாதவரின் வினா அதன் கணக்கில் இடம்பெறுவதில்லை. புதுச்சேரி மாதிரி தகவலைப் பொதுநூலகத்தைப்போலப் பொதுநன்மையாகக் கருதியது. கடைக்கோடி மனிதரிலிருந்து தொடங்குதல் என்னும் காந்தியக் கொள்கையைச் சுவாமிநாதன் இதற்கு அடிப்படையாக வலியுறுத்தினார். நிதியுதவி குன்றும்போது பொறுப்பேற்க வேண்டியவர் யார் என்பது இம்மாதிரியின் தீராத வினா.

'ஒவ்வொரு கிராமமும் ஓர் அறிவு மையம்: இலக்கு 2007' என்னும் தேசியக் கூட்டமைப்பு இவ்வினாவைக் கொள்கைத் தளத்திற்குக் கொண்டுசென்றது. 2006இல் நடுவண் அரசு ஒப்புதல் அளித்த பொதுச் சேவை மையத் திட்டம், ஏறத்தாழ 6 லட்சம் கிராமங்களுக்கென 1 லட்சம் மையங்களை முன்மொழிந்தது. ஆயினும் அது தனியார் நடத்துநரை மையமாகக் கொண்ட சேவை நிலையமாகவே வடிவம் பெற்றது. பரவல் புதுச்சேரியின் கனவை ஒத்திருந்தது. அமைப்பு மேலூரை ஒத்திருந்தது.

முடிவுரை

கைப்பேசி பரவிய பின்னர் ஊர் மையத்தின் பல பணிகள் தனிமனிதரின் கையடக்கத்திற்கு மாறிவிட்டன. எனவே அம்மையங்கள் காலாவதியான ஒரு கட்டம் என்று கருத இடமுண்டு. வறுமைக்கோட்டுப் பட்டியலை ஊர் கூடிச் சரிபார்த்ததும், கதவை உடைத்து ஊருக்கே அறிவித்ததும் கூட்டுச் செயல்கள். தனித்தனித் திரைகள் அவற்றைத் தாமாக நிகழ்த்துவதில்லை.

2006 தேர்தலுக்குப் பின்னர் அமைந்த உள்ளாட்சி மன்றங்களின் ஆயுள் நீடித்திருந்தால், அறிவு மையங்கள் அவற்றின் இயல்பான உறுப்பாகியிருக்க வாய்ப்பு இருந்தது. அடுத்த தேர்தல்கள் உரிய காலத்தில் நடைபெறாததால் அவ்வாய்ப்பு கைநழுவியது. கருவியையும் பயிற்சியையும் வெளியிலிருந்து கொண்டுவர இயலும். அவற்றை ஏற்றுப் பேணவும், எவரும் விலக்கப்படாமல் கண்காணிக்கவும் மக்களுக்குப் பொறுப்புடைய ஓர் அமைப்பு ஊரிலேயே இருக்க வேண்டும். புதுச்சேரி அனுபவம் ஊரக மின்னணுத் திட்டங்களை ஆராய்வோர் முன் வைக்கும் முதன்மையான வினா இதுவே.