குமாரசுவாமி, ஆனந்த கெந்திஷ் (1877 - 1947)

கலை வரலாற்றறிஞர், மெய்யியலாளர், அருங்காட்சியகக் காப்பாட்சியர். இலங்கைத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்து, அமெரிக்காவின் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் 30 ஆண்டுகள் பணியாற்றினார். கைவினைப் பொருளின் வடிவையும் பயனையும் அதன் பின்னுள்ள சமயக் கருத்தையும் பிரித்துப் பார்க்கலாகாது என்பது இவர் வாழ்நாள் முழுவதும் வலியுறுத்திய கொள்கை.

பிறப்பும் கல்வியும்: 1877 ஆகஸ்டு 22ஆம் நாள் கொழும்பில் பிறந்தார். தந்தை சர் முத்து குமாரசுவாமி இலங்கைச் சட்டநிருபண சபை உறுப்பினர். அரிச்சந்திரன் நாடகத்தையும் பாலி மொழிச் சுத்தநிபாதத்தையும் ஆங்கிலத்தில் பெயர்த்தவர். தாய் எலிசபெத் கிளே பீபி இங்கிலாந்தின் கெண்ட் பகுதியைச் சேர்ந்தவர். மகன் பெயரின் நடுவில் உள்ள 'கெந்திஷ்' அப்பகுதித் தொடர்பால் வந்தது. பொன்னம்பலம் இராமநாதனும் பொன்னம்பலம் அருணாசலமும் இவருடைய அத்தை பிள்ளைகள். 1879இல் தந்தை இறந்தார். அப்போது இவருக்கு இரண்டு வயதுகூட நிறையவில்லை. தாயுடன் இங்கிலாந்தில் வளர்ந்து, வைக்கிளிஃப் பள்ளியிலும் இலண்டன் யூனிவர்சிட்டி கல்லூரியிலும் பயின்றார். 1900இல் நிலவியல், தாவரவியல் பாடங்களில் பட்டம் பெற்றார்.

நிலவியல் பணி: 1903 முதல் 1906 வரை இலங்கைக் கனிமவியல் அளவைத் துறையின் இயக்குநராக இருந்தார். சபரகமுவப் பகுதியில் இரத்தினக் கல் தேடுவோர் அலசி எடுக்கும் சரளையில், சிறிய கறுப்புக் கனசதுரங்களாக ஒரு கனிமம் கிடைத்தது. கையிலெடுத்தால் அளவுக்கு மீறிக் கனக்கும். அதன் அடர்த்தி நீரைப்போல் ஒன்பது மடங்குக்கு மேல். தோரியமும் யுரேனியமும் கலந்த இந்த ஆக்சைடுக்குத் தோரியனைட் என்று பெயரிடப்பட்டது. அதைக் கண்டறிந்த பெருமை இவருக்கே உரியது. இலண்டன் பல்கலைக்கழகம் இவருக்கு அறிவியல் முனைவர் பட்டம் அளித்தது.

கனிமம் தேடி ஊர் ஊராகச் சென்றபோது கண்டித் தச்சர், கொல்லர், நெசவாளர், ஓவியர் ஆகியோரின் பட்டறைகளையும் பார்த்தார். மலிவான இறக்குமதிச் சரக்கு அவர்களுடைய தொழிலை அழித்து வந்தது. இலங்கைச் சமூகச் சீர்திருத்தச் சங்கத்தை நிறுவி, தாய்மொழிக் கல்வியையும் உள்ளூர்க் கைத்தொழிலையும் காக்கும்படி எழுதினார். இவருடைய மனைவி எதெல் பார்ட்ரிட்ஜ், பின்னாளில் எதெல் மெரே என்ற பெயரில் புகழ்பெற்ற நெசவுக் கலைஞர், இப்பயணங்களில் உடன் சென்றார்.

இதன் பயனே 'இடைக்காலச் சிங்களக் கலை' (1908) என்னும் பெருநூல். இங்கிலாந்தின் பிராட் கேம்டன் என்ற சிற்றூரில், தாம் வாழ்ந்த நார்மன் சேப்பல் இல்லத்திலேயே அதை அச்சிட்டார். வில்லியம் மோரிஸ் சாசரின் நூலை அச்சிட்ட அதே கையச்சுப் பொறியில் 15 மாத வேலையாக 425 படிகள் மட்டும் உருவாயின. கைவினையைப் பற்றிய நூல் கைவினைப் பொருளாகவே வெளிவந்தது.

இராசபுத்திர ஓவிய வகைப்பாடு: வட இந்தியாவில் பயணம் செய்து ஓவியங்களைத் திரட்டினார். அதுவரை முகலாய ஓவியத்தின் கிளையாகக் கருதப்பட்டவற்றை 'இராசபுத்திர ஓவியம்' (1916) என்ற இரு தொகுதி நூலில் தனி மரபாக நிலைநாட்டினார். இம்மரபை இரண்டாகப் பகுத்தார்: சமவெளி அரசுகளில் வளர்ந்தது இராசத்தானி; இமயமலைச் சாரலின் ஜம்மு, காங்கரா முதலிய அரசுகளில் வளர்ந்தது பகாரி. முகலாய ஓவியம் அரசவையையும் தனிமனித உருவையும் வரைந்தது. இராசபுத்திர ஓவியம் கண்ணன் கதையையும் இராகமாலையையும் நாயக நாயகி பாவங்களையும் வரைந்தது என்று வேறுபடுத்திக் காட்டினார். பின்வந்த ஆய்வாளர் பலரும் இப்பகுப்பின்மீதே கட்டினர்.

காப்பாட்சியர் பணி: தம் சேகரிப்பைக் கொண்டு காசியில் தேசிய அருங்காட்சியகம் அமைக்க விரும்பினார், ஆதரவு கிடைக்கவில்லை. முதல் உலகப் போரில் படைப்பணிக்கு உடன்படாத இவர் 1917இல் பாஸ்டன் சென்றார். கலைச் சேகரிப்பாளர் டென்மன் ராஸ் அச்சேகரிப்பை வாங்கி அருங்காட்சியகத்துக்கு வழங்க, இவர் இந்தியக் கலைப் பிரிவின் காப்பாட்சியரானார். ஒவ்வொரு பொருளையும் ஆராய்ந்து பல தொகுதிகளாக விளக்க அட்டவணை வெளியிட்டார்.

அருங்காட்சியகம் வேடிக்கை பார்க்கும் இடமன்று, கற்கும் இடம் என்பது இவர் கருத்து. கோயிலிலும் வீட்டிலும் பயன்பட்ட பொருள் கண்ணாடிப் பேழைக்குள் வந்தபின், அது எதற்காகச் செய்யப்பட்டது என்று எடுத்துச் சொல்வதே காப்பாட்சியரின் முதற்கடமை. வாழும் கலைஞரின் படைப்புகள் மக்களிடையே புழங்க வேண்டும். அவற்றுக்கு அருங்காட்சியகத்தில் இடம் தேவையில்லை என்றார். 'கலைப்பொருள்களைக் காட்சிக்கு வைப்பது ஏன்?' (1943) என்ற நூல் இக்கருத்துகளைத் தொகுத்துரைக்கிறது.

மெய்யியல்: 1912இல் 'சித்தாந்த தீபிகை' இதழில் வந்த 'சிவ நடனம்' என்ற கட்டுரை உலகப் புகழ் பெற்றது. உண்மை விளக்கம், திருமந்திரம் ஆகிய தமிழ் நூல்களின் துணையுடன் நடராசர் திருவுருவை இவர் விளக்கினார். துடி படைத்தல், அமைத்த கை காத்தல், தீ அழித்தல், ஊன்றிய திருவடி மறைத்தல், தூக்கிய திருவடி அருளல். மேலை நாட்டார் விநோதப் பொருளாகக் கண்ட செப்புத் திருமேனி, இக்கட்டுரைக்குப் பின் ஐந்தொழிலின் வடிவமாக அறியப்பட்டது.

புத்தர் உருவம் காந்தாரத்தில் கிரேக்கக் கலையின் வழியே தோன்றியது என்ற பிரெஞ்சு அறிஞர் ஃபூஷேயின் கொள்கையை 1927இல் மறுத்து, மதுராவின் இயக்கர் சிலைகளிலிருந்தே அது வளர்ந்ததென வாதிட்டார். 1930களிலிருந்து வேதாந்தம், பௌத்தம், பிளேட்டோ, இடைக்காலக் கிறித்தவ ஞானியர் ஆகியோரை ஒப்பிட்டு, எல்லா மரபுகளுக்கும் பொதுவான மெய்ம்மை ஒன்றுண்டு என்று எழுதினார். 'கலையில் இயற்கையின் மாற்றம்' (1934), 'இந்து சமயமும் பௌத்தமும்' (1943) ஆகியவை இக்காலத்து நூல்கள்.

இறுதிக் காலம்: ஓய்வுக்குப்பின் இந்தியா திரும்ப எண்ணியிருந்தார். 1947 செப்டம்பர் 9ஆம் நாள் மாசசூசெட்சில் உள்ள நீடத்தில் காலமானார். இவருடைய தேர்ந்த கட்டுரைகளை ரோஜர் லிப்சி பதிப்பிக்க, பிரின்ஸ்டன் பல்கலைக்கழகம் 1977இல் வெளியிட்டது. கொழும்பில் கிரீன் பாத் எனப்பட்ட வீதி இன்று ஆனந்த குமாரசுவாமி மாவத்தை. இலங்கையின் தேசிய கலைக்கூடம் அவ்வீதியில் அமைந்துள்ளது.