ஆளில்லா நிலமா?

நமது பள்ளி அலமாரியில் பழைய நிலப்படம் ஒன்று இருக்கிறது. ஓரம் கிழிந்தது, வண்ணம் வெளிறியது. ஆயினும் அதனைச் சுவரில் மாட்டும்போதெல்லாம் மாணவர் விழிகள் விரிகின்றன. அது பழைய இராமநாதபுரம் மாவட்டத்தின் படம். மதுரை, திருநெல்வேலி மாவட்டப் பகுதிகளை இணைத்து 1910இல் அமைக்கப்பெற்று, 1985இல் மூன்றாகப் பிரிக்கப்பட்ட மாவட்டம். மேற்கு ஓரத்தில், திருவில்லிபுத்தூருக்கு அப்பால், மலையடியில் நம் செண்பகத்தோப்பு. கிழக்கு ஓரத்தில், கடலுக்குள் நீட்டிய விரல்போல், தனுஷ்கோடி. எழுபத்தைந்து ஆண்டுகள் அந்த மலையும் இந்தக் கடலும் ஒரே மாவட்டத்தின் இரு முனைகளாக இருந்தன.

இரு முனைகளிலும் ஊர்ப்புள்ளிகள் அருகியே காணப்படுகின்றன. “ஐயா, அங்கெல்லாம் ஆளே இல்லையா?” என்று ஒரு சிறுவன் கேட்டான். அந்தக் கேள்வியே இக்கட்டுரைக்கு வித்து. ஆள் குறைந்த நிலத்தை ஆளில்லா நிலம் என்று நினைப்பது சிறுவன் மட்டுமா? ஆட்சிகளும் அப்படித்தான் நினைத்தன என்பதை வரலாறு காட்டுகிறது.

முதலில் மலைமுனையைக் காண்போம். தென்மேற்குப் பருவக்காற்று கொணரும் மழையின் பெரும்பகுதியை மேற்குத் தொடர்ச்சி மலையின் சேரநாட்டுச் சரிவு வாங்கிக்கொள்கிறது. கிழக்குச் சரிவின் கீழுள்ள சமவெளி மழைமறைவு நிலம். ஐப்பசி, கார்த்திகை மழையும் மலையோடைகளும் கண்மாய்களுமே அதற்கு வாழ்வு. ஆகவே நீர் வரும் வழியை ஒட்டியே நிலப்பயன் அமைந்தது. மேலே காடு, அடிவாரத்தில் மாந்தோப்பும் தென்னந்தோப்பும், அதற்குக் கீழே கண்மாய்ப் பாசனம், நீர் எட்டாத இடத்தில் மானாவாரிப் புன்செய். இந்த மலைச்சரிவின் நீரைத் திரட்டும் வைப்பாறு, இறுதியில் மன்னார் வளைகுடாவில் கலக்கிறது. தனுஷ்கோடியின் தென்கரையைத் தழுவுவதும் அதே வளைகுடாதான்!

அந்தக் காட்டில் பளியர் வாழ்ந்தனர். தேனெடுத்தனர், கிழங்ககழ்ந்தனர், மரத்தையும் மழையையும் விலங்கின் தடத்தையும் ஏடின்றிக் கற்றனர். ஆனால் 1882ஆம் ஆண்டின் சென்னை வனச்சட்டம், காட்டை எல்லையிட்டு ஒதுக்கி அரசின் பொறுப்பில் வைக்க வழி வகுத்தது. பட்டா என்பதையே அறியாதவன், பரம்பரையாக வாழ்ந்த இடத்தில் அயலானான். 1988இல், அருகிவரும் நரை அணிலைக் காக்க ஏறத்தாழ 485 சதுரக் கிலோமீட்டர் சரணாலயமாயிற்று. 2021இல் மேகமலையும் சேர்ந்து புலிகள் காப்பகமாக விரிந்தது. அணிலும் புலியும் காக்கப்பட வேண்டியவையே. அதில் நமக்கு ஐயமில்லை. கிளைக்குக் கிளை தாவி வாழும் அந்த அணிலுக்கு இடைவெளியற்ற மரக்கூட்டம் வேண்டும். ஆனால் காட்டோடு வாழ்ந்த மனிதனுக்கும் ஓர் இடம் வேண்டுமல்லவா?

இனிக் கடல்முனைக்குச் செல்வோம். வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா, இடையே அலையும் காற்றும் குவித்த மணல். அதுதான் தனுஷ்கோடி. உழ மண்ணில்லை, ஓட ஆறில்லை. கடலே கழனி. மணலில் ஆழமின்றி ஊற்றுத் தோண்டினால் நன்னீர் கிடைக்கும். இதனை அற்புதம் என்று சொல்லிக் கைகூப்புவோர் உண்டு. அற்புதம் அன்று, இயற்கை. மணலில் இறங்கிய மழைநீர், தன்னினும் கனத்த உப்புநீரின்மேல் மிதந்து நிற்கிறது. ஆழத் தோண்டினாலோ அளவின்றி இறைத்தாலோ உப்பு மேலேறிவிடும். எனவே ஆழமற்ற ஊற்றில் பொறுமையாக அள்ளினர் மீனவப் பெண்கள். கல்லூரியில் நாம் நூலில் படித்ததை அவர்கள் குடத்தில் அறிந்திருந்தனர்.

1914இல் பாம்பன் பாலம் திறந்தது. புகைவண்டி தனுஷ்கோடிக்கு வந்தது. அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல் சென்றது. சென்னையில் புறப்பட்டவர் ஒரே பயணச்சீட்டில் கொழும்பு சேரலாம்! மணல்திட்டில் நிலையம் எழுந்தது. சுங்கச்சாவடி, அஞ்சலகம், பள்ளி, தேவாலயம் எழுந்தன. மீனவர் குடியிருப்பு துறைமுக நகரமாயிற்று.

1964 டிசம்பர் 22ஆம் நாள் நள்ளிரவை ஒட்டிப் புயல் வந்தது. கடல் ஊரைக் கடந்தது. பாம்பனிலிருந்து வந்த பயணிவண்டி நூற்றுக்கும் மேற்பட்டோருடன் அலையில் மூழ்கியது. விடிந்தபோது சுவர்கள் நின்றன, ஊர் இல்லை. மக்கள் வாழத் தகுதியற்ற இடம் என அரசு அறிவித்தது. அறிவிப்பில் அறிவு இருந்தது. அலைக்கு இரக்கம் இல்லையே! ஆனால் நிலையம் போயிற்று, நகரம் போயிற்று, மீனவர் மட்டும் மீண்டும் வந்தனர். ஏன்? மீன் அங்கேதான் இருந்தது. ஓலைக்குடிசை கட்டினர், ஊற்றுத் தோண்டினர், வலை விரித்தனர். 2017இல் அரிச்சல்முனை வரை சாலை வந்தபின் சுற்றுலாக் கூட்டமும் வந்தது. இடிபாட்டைக் காண வருவோருக்குச் சாலை உண்டு. இடிபாட்டின் நடுவே வாழ்ந்தோருக்கு மனையுரிமை உண்டா?

இங்கேதான் இரு முனைகளும் வேறுபடுகின்றன. காட்டு மக்களுக்கு 2006இல் வன உரிமைச் சட்டம் வந்தது. 2005 டிசம்பர் 13ஆம் நாளுக்கு முன்பே காட்டை நம்பி வாழ்ந்து, அங்கு நிலத்தைப் பயன்படுத்திவந்த பழங்குடியினருக்கு, நான்கு எக்டேருக்கு மேற்படாமல் அந்நிலத்தின்மீது உரிமை கோர அது வழி செய்தது. கோரிக்கையை முதலில் ஆராயும் பொறுப்பைக் கிராம சபைக்கே அளித்தது. சட்டம் ஏட்டில் இருப்பதும் பட்டா கையில் இருப்பதும் ஒன்றல்ல என்பது வேறு. ஆயினும் ஏட்டிலாவது இருக்கிறது. கடற்கரை மீனவர்க்கு அத்தகைய நாடு தழுவிய உரிமைச் சட்டம் இல்லை. குறிஞ்சிக்குக் கிடைத்த ஏடு நெய்தலுக்கு ஏன் கிடைக்கவில்லை?

நிலத்தை ஐந்தாகப் பகுத்த நம் முன்னோர், குறிஞ்சியைக் குறவரோடும் நெய்தலைப் பரதவரோடும் சேர்த்தே எண்ணினர். நிலமும் தொழிலும் மக்களும் அவர்கள் கணக்கில் ஒன்றாக நின்றன. பின்னர் வந்த கணக்குகள் நிலத்தை அளந்தன, மக்களை விட்டுவிட்டன.

இளைஞர்களே! விடுமுறையில் மலையடிக்குச் செல்லுங்கள்; கடல்முனைக்கும் செல்லுங்கள். காட்சியைக் கண்டு திரும்பிவிடாதீர்கள். யார் இங்கே வாழ்கிறார், எந்த நீரைக் குடிக்கிறார், எந்தச் சீட்டில் அவர் பெயர் இருக்கிறது என்று கேளுங்கள்; கேட்டதை எழுதுங்கள்.

அந்தச் சிறுவனுக்கு நாம் சொன்ன விடை இதுதான்: “ஆள் உண்டு, தம்பி. படத்தில்தான் இல்லை.” மறுநாள் அவன் கரிக்கோலுடன் வந்தான். மலையடியில் ஒரு குடிசை வரைந்தான். மணல்முனையில் ஒரு குடிசை வரைந்தான். நாம் அதனை அழிக்கவில்லை.