திருமயம் வட்டாரமும் தமிழகத் தொல்மாந்தரும்

திருமயம், புதுக்கோட்டை மாவட்டத்தில் உள்ள வட்டத் தலைமையூர். புதுக்கோட்டையிலிருந்து காரைக்குடி செல்லும் சாலையில் ஏறத்தாழ 20 கி.மீ. தொலைவில் இருக்கிறது. 1687-இல் சேதுபதி மன்னர் எழுப்பியதாகக் கருதப்படும் கோட்டையும், அதே குன்றில் அருகருகே குடையப்பட்ட சிவன், திருமால் குடைவரைகளும் இவ்வூருக்குப் புகழ் தந்தவை. கோட்டையும் கோயிலும் எழுவதற்கு நெடுங்காலம் முன்பே இக்குன்றை மனிதர் பயன்படுத்தியுள்ளனர் என்பதற்கு இங்குள்ள செங்காவிப் பாறை ஓவியங்கள் சான்று. தமிழகத்தில் மனிதர் வாழ்ந்ததற்கான தடயங்கள் 15 லட்சம் ஆண்டுகள் வரை பின்னோக்கிச் செல்கின்றன. அவற்றில் பெரும்பகுதி எலும்பாக அன்றிக் கல்லாகவே கிடைத்துள்ளது. எனவே தமிழகத் தொல்மாந்தர் வரலாறு என்பது கல் கிடைத்த இடத்தையும், அது புதைந்திருந்த மண்ணடுக்கையும் கொண்டு எழுதப்படும் வரலாறு.

நிலமும் சான்றுகளும்

புதுக்கோட்டை மாவட்டத்தின் மேற்கிலும் தெற்கிலும் உருண்டு திரண்ட கருங்கல் குன்றுகள் எழுந்து நிற்கின்றன. திருமயம், நார்த்தாமலை, சித்தன்னவாசல், குடுமியான்மலை ஆகியவை இவ்வகைக் குன்றுகளை ஒட்டிய ஊர்கள். மாவட்டத்தின் கிழக்கில் செம்புறாங்கல்லும் செம்மண்ணும் பரந்துள்ளன. தெற்கு வெள்ளாறும் பாம்பாறும் இந்நிலத்தின் முக்கிய நீர்வழிகள்.

இந்த நில அமைப்பு தொல்மாந்தர் ஆய்வை இரண்டு வகையில் பாதிக்கிறது. ஒன்று, வெப்பமும் மழையும் மாறி மாறித் தாக்கும் அமிலத் தன்மையுள்ள செம்மண்ணில் எலும்பு நெடுங்காலம் தாங்காது. ஆப்பிரிக்காவின் ஏரிப் படிவுகளிலும் ஐரோப்பாவின் சுண்ணாம்புக் குகைகளிலும் கிடைப்பது போன்ற புதைபடிவங்கள் இங்கே அரிதாக இருப்பதற்கு இதுவே காரணம். மற்றொன்று, பரல் பெருத்த கருங்கல்லைத் தட்டினால் கூரான விளிம்பு வராது. கருவி செய்யக் குவார்ட்சைட், குவார்ட்சு, சர்ட் போன்ற, சீராகச் சில்லு பெயரும் கற்கள் வேண்டும். ஆகவே தொல்மாந்தரின் இருப்பிடத்தை நீர், நிழல், வேட்டை ஆகியவற்றோடு நல்ல கல் கிடைக்கும் இடமும் தீர்மானித்தது.

மனித மரபின் தோற்றம்

மனிதக் கிளையும் சிம்பன்சிக் கிளையும் ஒரே மூதாதையிலிருந்து சுமார் 60 முதல் 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் பிரிந்தன. தான்சானியாவின் லேட்டோலியில் உள்ள காலடித் தடங்கள், 36 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே இருகால் நடை நிலைத்துவிட்டதைக் காட்டுகின்றன. எத்தியோப்பியாவில் 1974-இல் கண்டெடுக்கப்பட்ட ‘லூசி’யின் எலும்புக்கூடு 32 லட்சம் ஆண்டு பழமையானது. நிமிர்ந்த நடை முதலில் வந்தது; பெரிய மூளை பின்னர் வந்தது. கையில் பிடித்த கல் இவ்விரண்டுக்கும் இடையே தோன்றியது. கென்யாவின் லொமெக்வியில் 33 லட்சம் ஆண்டு பழமையான கற்கருவிகள் கிடைத்துள்ளன.

ஏறத்தாழ 20 லட்சம் ஆண்டுகளுக்கு முன் தோன்றிய ஹோமோ எரக்டஸ் நீண்ட கால்களும் நம்முடையதை ஒத்த உடலமைப்பும் கொண்டது. ஆப்பிரிக்காவுக்கு வெளியே அறியப்பட்ட மிகப் பழைய மனித எலும்புகள் ஜார்ஜியாவின் திமானிசியில் கிடைத்தவை. அவற்றின் காலம் சுமார் 18 லட்சம் ஆண்டு. இரு முகமும் செதுக்கிய அச்சூலியன் கைக்கோடரி ஆப்பிரிக்காவில் சுமார் 17.5 லட்சம் ஆண்டுகளுக்கு முன் உருவானது. அது தமிழகத்தை அடைய நெடுநாள் ஆகவில்லை என்பதைத் திருவள்ளூர் மாவட்டத்து அத்திரம்பாக்கம் காட்டுகிறது.

ஆய்வின் தொடக்கம்: பல்லாவரம், 1863

இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863 மே 30 அன்று சென்னைக்கு அருகிலுள்ள பல்லாவரத்தில் சரளை தோண்டிய குழி ஒன்றில் மனிதர் செதுக்கிய கல்லைக் கண்டெடுத்தார். இந்தியாவில் அடையாளம் காணப்பட்ட முதல் பழைய கற்காலக் கருவி அது. டார்வினின் ‘உயிரினங்களின் தோற்றம்’ வெளிவந்து அப்போது நான்கு ஆண்டுகளே ஆகியிருந்தன. அழிந்துபோன விலங்குகளோடு மனிதனும் வாழ்ந்தான் என்பதை ஐரோப்பிய அறிஞர்கள் ஏற்றுக்கொண்டதும் 1859-இல்தான். உலகம் இக்கேள்வியைக் கேட்கத் தொடங்கிய காலத்திலேயே தமிழக மண் அதற்கு விடை தரத் தொடங்கிவிட்டது.

அதே ஆண்டு செப்டம்பரில் ஃபூட்டும் வில்லியம் கிங்கும் இன்றைய திருவள்ளூர் மாவட்டத்தில், கொசஸ்தலை ஆற்றுப் படுகையில் உள்ள அத்திரம்பாக்கத்தைக் கண்டறிந்தனர். குடியம் குகைகளும் இப்பகுதியைச் சேர்ந்தவையே. இங்கு கிடைத்த கைக்கோடரி மரபு ‘சென்னைக் கற்கருவி மரபு’ என்று உலக நூல்களில் இடம்பெற்றது. ஃபூட் தென்னிந்தியா முழுதும் சேகரித்த தொல்பொருள்கள் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தில் உள்ளன.

அத்திரம்பாக்கம்

சாந்தி பப்பு தலைமையில் சர்மா மரபுக் கல்வி மையம் 1999 முதல் அத்திரம்பாக்கத்தில் அகழாய்வு நடத்தியது. ஏறத்தாழ 9 மீட்டர் ஆழமுள்ள மண்ணடுக்குகளில் கைக்கோடரிகளும் பிளவுக்கோடரிகளும் சில்லுகளும் கிடைத்தன. அருகிலுள்ள அல்லிக்குழி மலைத்தொடரிலிருந்து வந்த குவார்ட்சைட் கற்களால் அவை செய்யப்பட்டவை. விலங்குகளின் பற்களும் குளம்புத் தடங்களும்கூட அகழ்வில் வெளிப்பட்டன.

2011-இல் ‘சயின்ஸ்’ இதழில் வெளியான ஆய்வு, இங்குள்ள அச்சூலியன் கருவிகளின் காலத்தைச் சராசரியாக 15.1 லட்சம் ஆண்டு எனக் கணித்தது. இதற்கு இரண்டு சான்றுகள் பயன்பட்டன. கல் நிலத்தின் மேல் கிடக்கும்போது விண்வெளிக் கதிர்கள் பட்டு அதிலுள்ள குவார்ட்சில் பெரிலியம்-10, அலுமினியம்-26 என்னும் கதிரியக்க அணுக்கள் உருவாகின்றன. கல் ஆழத்தில் புதைந்ததும் அவை உருவாவது நின்று, வெவ்வேறு வேகத்தில் சிதைகின்றன. எஞ்சியுள்ள விகிதத்தைக் கொண்டு, புதைந்த காலத்தைக் கணக்கிடலாம். மேலும், அந்த அடுக்குகள் படிந்தபோது புவியின் காந்தப் புலம் இன்றைக்கு எதிர்த்திசையில் இருந்ததும் தெரியவந்தது. கடைசியாகப் புலம் திரும்பியது சுமார் 7.8 லட்சம் ஆண்டுகளுக்கு முன் என்பதால், கருவிகள் அதற்கும் முந்தியவை என்பது தனி வழியில் உறுதியானது.

2018-இல் ‘நேச்சர்’ இதழில் வெளியான அடுத்த ஆய்வு மேலடுக்குகளைப் பற்றியது. மண்துகள் கடைசியாக வெயில் கண்ட காலத்தை அளக்கும் ஒளிர்வு முறையில், சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன் இங்கே இடைப் பழைய கற்காலம் தொடங்கிவிட்டதாகக் கண்டறிந்தனர். கனத்த கைக்கோடரிகள் குறைந்து, முன்கூட்டியே வடிவமைத்த கருக்கல்லிலிருந்து பெயர்க்கப்பட்ட சிறு சில்லுகளும் முனைகளும் பெருகின. சில்லு எந்த வடிவில் விழ வேண்டும் என்று எண்ணிக் கல்லை முன்னதாகவே பதப்படுத்தும் இம்முறைக்குத் திட்டமிடலும் பயிற்சியும் தேவை.

இக்கருவிகளைச் செய்தவர் எந்த இனம் என்பது ஆய்வாளரிடையே திறந்த கேள்வியாகவே உள்ளது. அத்திரம்பாக்கம் அகழாய்வில் மனித எலும்பு கிடைக்கவில்லை. மத்தியப் பிரதேசத்தின் நர்மதைக் கரையில், ஹத்னோராவில் 1982-இல் அருண் சோனாகியா கண்டெடுத்த மண்டையோட்டுப் பகுதியே இந்தியத் தொல்மாந்தரின் மிக முக்கியமான புதைபடிவம். அது எந்த இனத்தைச் சேர்ந்தது என்பதிலும் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு.

ஹோமோ சேப்பியன்ஸ் வருகை

நம் இனமான ஹோமோ சேப்பியன்ஸின் மிகப் பழைய புதைபடிவங்கள் மொராக்கோவின் ஜெபல் இர்கூதில் கிடைத்தன. அவற்றின் வயது சுமார் 3 லட்சம் ஆண்டு. இன்று ஆப்பிரிக்காவுக்கு வெளியே வாழும் மக்கள் அனைவரும் பெரும்பாலும் 70,000 முதல் 50,000 ஆண்டுகளுக்கு முன் அங்கிருந்து வெளியேறியவர்களின் வழிவந்தவர்கள். வழியில் நியாண்டர்தால் மனிதரோடு நேர்ந்த கலப்பின் தடம், தமிழர் உட்பட ஆப்பிரிக்காவுக்கு வெளியே உள்ள எல்லாரின் மரபணுவிலும் ஏறக்குறைய 1 முதல் 2 விழுக்காடு அளவில் இன்றும் உள்ளது. தொல்மரபணு ஆய்வுத் துறைக்கு அடித்தளமிட்ட ஸ்வாந்தே பாபோ 2022-இல் மருத்துவ நோபல் பரிசு பெற்றார்.

தென்னிந்தியாவுக்கு நம் இனம் வந்த காலம் குறித்த விவாதத்தில் ஆந்திரத்தின் ஜுவாலாபுரம் முக்கியமானது. சுமத்ராவின் தோபா எரிமலை சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்தபோது பறந்துவந்த சாம்பல் அங்கே படிந்துள்ளது. சாம்பலுக்குக் கீழும் மேலும் கற்கருவிகள் கிடைத்ததால், அப்பேரழிவுக்குப் பின்னும் மனித வாழ்வு தொடர்ந்தது என்று 2007-இல் ஆய்வாளர்கள் வாதிட்டனர். கருவிகளைச் செய்தவர் சேப்பியன்ஸ்தானா என்பதில் கருத்து வேறுபாடு நீடிக்கிறது.

இலங்கையில் சான்று தெளிவாக உள்ளது. பாகியங்கல, பட்டதொம்ப லென ஆகிய குகைகளில் மனித எலும்புகளும் நுண்கற்கருவிகளும் கிடைத்துள்ளன. பாகியங்கலவில் மழைக்காட்டு மனிதர் குரங்கையும் அணிலையும் வேட்டையாடப் பயன்படுத்திய எலும்பு முனைகள் 48,000 ஆண்டு வரை பழமையானவை. பனியூழிக் காலத்தில் கடல்மட்டம் தாழ்ந்தபோது பாக் நீரிணை நிலமாக இருந்தது. தமிழகத்தின் தென்கிழக்குச் சமவெளி, திருமயம் வட்டாரம் உட்பட, இலங்கைக்கு நடந்து செல்லக்கூடிய நிலப்பரப்பின் தொடர்ச்சியாக அப்போது விளங்கியது.

நுண்கற்காலமும் பாறை ஓவியங்களும்

விரல்நுனி அளவே உள்ள சில்லுகளை மரத்திலோ எலும்பிலோ பதித்து அம்பாகவும் கத்தியாகவும் பயன்படுத்தியது நுண்கற்காலம். தூத்துக்குடி, திருநெல்வேலிப் பகுதியின் செம்மணல் தேரிகள் இதற்குப் புகழ்பெற்றவை. சாயர்புரம், குதிரைமொழி முதலிய தேரிகளில் கிடைத்த கருவிகளை ஆய்வாளர்கள் சாய்னரும் ஆல்ச்சினும் 1956-இல் விரிவாக ஆராய்ந்தனர்.

திருமயம் குன்றில் உள்ள ஓவியங்கள் பாறை மறைவில் செங்காவியால் தீட்டப்பட்டவை. இரும்புச் சத்து மிக்க காவிக்கல் இம்மாவட்டத்துச் செம்மண் நிலத்தில் எளிதில் கிடைப்பது. சமணர் குடைவரை ஓவியங்களுக்குப் பெயர்பெற்ற சித்தன்னவாசல் குன்றிலும் இதுபோன்ற தொல்பழங்கால ஓவியங்கள் காணப்பட்டுள்ளன. குடைவரை ஓவியம் சுண்ணச் சாந்தின் மேல் வரையப்பட்டது. தொல்பழங்கால ஓவியமோ வெறும் பாறையின் மேலேயே தீட்டப்பட்டது. வரைபொருள், பாணி, ஒன்றன்மேல் ஒன்றாக வரைந்த வரிசை, அருகில் கிடைக்கும் கருவிகள் ஆகியவற்றைக் கொண்டே இவற்றின் காலம் மதிப்பிடப்படுகிறது. இக்காரணத்தால், ஓவியத்தின் அடியிலுள்ள மண்ணைக் கலைப்பது ஓவியத்தையே சிதைப்பதற்கு ஒப்பானது.

வேளாண்மை, இரும்பு, ஈமச்சின்னங்கள்

மெருகிட்ட கற்கோடரியும் கால்நடை வளர்ப்பும் பயிரிடுதலும் கொண்ட புதிய கற்காலத்தைத் தமிழகத்தில் முதலில் தெளிவாகக் காட்டியது, மத்தியத் தொல்லியல் துறை 1960-களில் அகழ்ந்த பையம்பள்ளி. அடுத்து வந்த இரும்புக் காலத்தின் தொன்மை பற்றிய கணிப்பு அண்மையில் பெரிதும் மாறியுள்ளது. கிருஷ்ணகிரி மாவட்டம் மயிலாடும்பாறையில் இரும்பின் காலம் பொ.ஆ.மு. 2172 என 2022-இலும், தூத்துக்குடி மாவட்டம் சிவகளையில் பொ.ஆ.மு. 3345 என 2025 ஜனவரியிலும் தமிழக அரசு அறிவித்தது.

புதுக்கோட்டை மாவட்டம் இக்காலத்து ஈமச்சின்னங்கள் நிறைந்தது. சித்தன்னவாசல், அன்னவாசல் பகுதிகளில் கல்வட்டங்களும் கற்பதுக்கைகளும் தாழிகளும் திரளாக உள்ளன. பலகைக் கற்களை நான்கு புறமும் நிறுத்தி, மேலே மூடுகல் இட்டு, உள்ளே எலும்பும் கருப்பு-சிவப்புப் பானையும் இரும்புக் கருவியும் வைத்த அறைகளே கற்பதுக்கைகள். முன்னோர் சாகாமல் வாழ்ந்து உடல் சுருங்கிப்போனதால், அவர்களைத் தாழியில் வைத்து விளக்கேற்றிக் காத்தார்கள் என்று கிராமங்களில் பெரியவர்கள் சொல்வதுண்டு. தங்களுக்கு முன்னும் இம்மண்ணில் மனிதர் இருந்தனர் என்பதை மக்கள் தம் வழியில் விளக்கிக்கொண்ட கதை அது.

மரபணுச் சான்று

மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் இராமசாமி பிச்சப்பன், மதுரைப் பகுதிக் கிராமம் ஒன்றில் எம்130 என்னும் பழைய தந்தைவழிக் குறியைக் கண்டறிந்தார். ஆப்பிரிக்காவிலிருந்து வெளியேறிய தொடக்கக் கிளைகளில் ஒன்றைச் சேர்ந்த அக்குறி ஆஸ்திரேலியத் தொல்குடிகளிடமும் உண்டு. ஆனால் அது தந்தைவழியில் வரும் ஒரே இழையைத்தான் காட்டும். 2009-இல் மரபணு ஆய்வாளர்கள் லால்ஜி சிங், தங்கராஜ், டேவிட் ரைக் ஆகியோர் பங்கேற்ற ஆய்வு, இந்தியாவின் ஏறத்தாழ எல்லாச் சமூகங்களும் பழங்குழுக்களின் கலப்பால் உருவானவை என்று நிறுவியது. எந்தச் சாதியும் எந்த ஊரும் கலப்பற்ற தொல்மரபுக்கு உரிமை கொண்டாட முடியாது.

பாதுகாப்பு

புதுக்கோட்டை சமஸ்தானம் தொல்பொருள்களைப் பேணுவதில் முன்னோடியாக இருந்தது. திருக்கோகர்ணத்தில் உள்ள அருங்காட்சியகம் 1910-இல் தொடங்கப்பட்டது. மத்திய அரசு பாதுகாக்கும் நினைவுச்சின்னத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள் புதுக் கட்டடமும் கல் உடைத்தலும் தடை செய்யப்பட்டவை; அதற்கப்பால் 200 மீட்டர் வரை அனுமதி பெற வேண்டும். பட்டியலில் சேராத குன்றுகளுக்கும் ஈமக்காடுகளுக்கும் இக்காப்பு இல்லை. கல்குவாரி வெடி, மூடுகற்களைப் பெயர்த்தெடுத்தல், ஓவியம் துலங்குவதற்காக நீர் தெளிப்பதும் சுண்ணக்கட்டியால் கோடிழுப்பதும், பாறையில் பெயர் கீறுவதும் இன்றைய கேடுகள்.

எலும்பு தாங்காத நிலத்தில், கருவி கிடைத்த ஆழமும் அடுக்குமே மனிதரின் காலத்தைச் சொல்பவை. கல்லை எடுத்துக் கண்ணாடிப் பெட்டியில் வைத்துவிடலாம். கலைந்த அடுக்கை மீண்டும் அடுக்க முடியாது. கைக்கோடரியோ தாழியோ கண்ணில் பட்டால், இருந்த இடத்திலேயே விட்டு, படமெடுத்து, வட்டாட்சியருக்கோ அருங்காட்சியகத்துக்கோ தெரிவிப்பதே சரியான செயல். அத்திரம்பாக்கத்தில் பயன்பட்ட காலக்கணிப்பு முறைகளை வெள்ளாறு, பாம்பாறு படுகைகளிலும் பயன்படுத்தினால், தமிழகத்தின் வடக்குக்கும் தெற்குத் தேரிகளுக்கும் இலங்கைக்கும் இடையிலுள்ள இந்த வட்டாரம், மனிதர் இடம்பெயர்ந்த வரலாற்றில் தனக்குரிய இடத்தைப் பெறும். அதற்கு முதல் தேவை, மண்ணடுக்குகள் கலையாமல் இருப்பது.