மலைமேல் வாஃபிள்: ஒரு குறிப்பும் அதன் உரையும்

வீட்டுக்கு வீடு நோட்டுப் புத்தகத்திலும் வாட்ஸ்அப்பிலும் சுற்றிவரும் வாஃபிள் செய்முறைகளின் சாரத்தை ஏழு வரியாகச் சுருக்கியிருக்கிறேன். அளவுகள் சமவெளிக்கானவை. அடிவாரத்துப் பழனி கடல்மட்டத்திலிருந்து 300 மீட்டரை ஒட்டி இருக்கிறது. கொடைக்கானல் சுமார் 2,100 மீட்டர். ஒரே மலைத்தொடர்தான், ஆனால் கீழே சரியாக வரும் மாவு மேலே வேறு குணம் காட்டும். உரை எழுத வேண்டி வந்ததே அதனால்தான்.

1. வாஃபிள் மேக்கர் இல்லையென்றால், இரு பக்கமும் சூடு கொடுக்கும் ஏதாவது ஒன்றைக் காயவை.

இந்த வரியில் உயிர் இருப்பது “இரு பக்கமும்” என்ற இடத்தில். பான்கேக் மாவுக்கும் வாஃபிள் மாவுக்கும் பெரிய வித்தியாசம் கிடையாது. வாஃபிள் மாவில் வெண்ணெய் கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். பான்கேக் ஒரு பக்கம் வெந்த பிறகு மறுபக்கம் வேகிறது. வாஃபிள் மேலும் கீழும் இரும்பில் ஒட்டிக்கொண்டு ஒரே சமயத்தில் வேகிறது. அந்தக் கட்டம் கட்டமான குழிகள் தேன் தேங்குவதற்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம். ஒவ்வொரு குழியின் சுவரும் இரும்பைத் தொடுவதால் அத்தனை சுவரும் மொறுமொறுப்பாகிறது.

மின்சார மேக்கர் இந்த வரலாற்றில் கடைசியாக வந்த சாமான். ஐரோப்பாவில் இடைக்காலத்திலிருந்தே நீண்ட கைப்பிடி வைத்த இரண்டு இரும்புத் தட்டுகளுக்கு நடுவில் மாவை ஊற்றி, தீயில் காட்டித் திருப்பித் திருப்பித்தான் சுட்டார்கள். அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்து டிராய் நகரத்துக்காரரான கார்னீலியஸ் ஸ்வார்ட்வுட், அடுப்பின் மேல் வைத்துப் புரட்டும் வாஃபிள் இரும்புக்குக் காப்புரிமை வாங்கியது 1869இல். அமெரிக்க மதுரை மிஷன் பாதிரிமார்கள் மதுரை வெயிலுக்குத் தப்பிக் கொடைக்கானலில் முதல் வீடுகளைக் கட்டியது அதற்கும் முன்னால், 1845இல். அவர்கள் சொந்த ஊரிலேயே அன்றைக்கு இருந்தது வெறும் இரண்டு தட்டும் ஒரு கீலும்தான்.

இப்போது உங்கள் வீட்டுப் பரணைப் பாருங்கள். பிரட் வைத்துக் கேஸில் காட்டும் கைப்பிடி டோஸ்டர் ஒன்று தூசி படிந்து கிடக்கும். இரண்டு அலுமினியத் தட்டு, ஒரு கீல், நீளக் கைப்பிடி, நுனியில் ஒரு கொக்கி. இதைவிட நெருங்கிய சொந்தம் வாஃபிள் இரும்புக்கு வேறில்லை. இரு பக்கமும் நெய் தடவி, வெறுமனே இரண்டு மூன்று நிமிடம் காயவைத்து, முக்கால் மட்டத்துக்கு மாவு ஊற்றி மூடித் திருப்ப வேண்டும். விளிம்புவரை ஊற்றினால் கீல் பக்கம் வழிந்து பர்னரில் கருகும். குழி விழாது, ஆனால் தட்டையாக இருப்பதால் ஓரம் முறுகி வரும்.

டோஸ்டர் இல்லாதவர்களுக்குப் பணியாரக்கல். இங்கே சூடு ஒரு நேரத்தில் ஒரு பக்கந்தான் என்பது உண்மை. ஆனால் உருண்டை சிறியதாக இருப்பதால் மாவின் அளவுக்குத் தோல் அதிகம். கம்பியால் புரட்டினால் முழுக்க மொறுமொறுப்பான ஒரு கூடு கிடைத்துவிடும். இரும்புக்கல்லாக இருந்தால் இன்னும் நல்லது. கோடு போட்ட கிரில் பேனில் ஊற்றுங்கள் என்று பலர் சொல்கிறார்கள். அதில் கோடு விழும், வாஃபிள் வராது. கோடுகளுக்கு நடுவில் வேகாத மாவு பான்கேக்காகவே நிற்கும். படம் எடுக்க மட்டும் அது உதவும் என்பது என் எண்ணம்.

அச்சு முறுக்குக் கட்டை இருக்கும் வீட்டார் இன்னொரு வழியில் போகலாம். கொதிக்கும் எண்ணெயில் அச்சைக் காயவைத்து, மாவில் முக்கால் ஆழம் தோய்த்து, மறுபடி எண்ணெயில் இறக்கினால் உதறியதும் பூ கழன்று விழும். மாவு அச்சின் மேல் விளிம்பைத் தாண்டி ஏறிவிட்டால் கழலவே கழலாது, கத்தியால்தான் பெயர்க்க வேண்டும். காய்ந்த இரும்பு, எல்லாப் பக்கமும் சூடு, நடுநடுவே வெற்றிடம் என்று பார்த்தால் வாஃபிளின் தத்துவம் முழுக்க அதில் இருக்கிறது. கிறிஸ்துமஸ் பலகாரத்தட்டில் அது இல்லாத வீடு குறைவு.

2. மைதா ஒன்றேகால் கப், அரிசிமாவு கால் கப், சர்க்கரை இரண்டு மேஜைக்கரண்டி, பேக்கிங் பவுடர் இரண்டு தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை.

அரிசிமாவு எதற்கு என்று ரவா தோசை ஊற்றுகிறவர்களிடம் விளக்க வேண்டியதில்லை. மைதாவில் உள்ள பசைத்தன்மை இழுவையைத் தரும். அரிசியில் அது இல்லாததால் முறுகும்.

நின்று பேச வேண்டியது பேக்கிங் பவுடரைப் பற்றி. வத்தலக்குண்டில் வாங்கிய சிப்ஸ் பாக்கெட்டைக் காரில் வைத்துக்கொண்டு மலையேறியவர்கள் பார்த்திருப்பார்கள். பெருமாள்மலை தாண்டும்போது பாக்கெட் வெடிக்கிற மாதிரி உப்பி நிற்கும். உள்ளே காற்று கூடவில்லை, வெளியே அழுத்தம் குறைந்திருக்கிறது. பழனியில் 100 மில்லி இடம் பிடிக்கும் வாயு கொடைக்கானலில் ஏறக்குறைய 125 மில்லிக்கு விரியும். மாவுக்குள் பேக்கிங் பவுடர் விடும் குமிழிக்கும் இதே கதைதான். சமவெளி அளவைப் போட்டால் மாவு விறுவிறுவென்று எழும், சுவர் இறுகுவதற்குள் குமிழி உடையும், நடுவில் அமுங்கிப் போகும். சோடா வாடை வேறு நாக்கில் நிற்கும். ஆகவே இரண்டு தேக்கரண்டி என்பதைக் கொடைக்கானலில் ஒன்றேகால் என்று படிக்க வேண்டும். சர்க்கரையிலும் அரை மேஜைக்கரண்டி குறையட்டும். தாண்டிக்குடி, பண்ணைக்காடு போன்ற கீழ்மலை ஊர்களுக்கு ஒன்றரைத் தேக்கரண்டி பவுடர் சரியாக வரும்.

பெல்ஜியத்தில் இதற்கு ஈஸ்ட் போடுவார்கள். கொடைக்கானல் டிசம்பரில் இட்லி மாவே ராத்திரி முழுக்க வைத்தாலும் பொங்காமல், கம்பளி சுற்றியும் அடுப்போரம் வைத்தும் கெஞ்ச வேண்டியிருக்கும். அந்த ஊரில் ஈஸ்ட்டை நம்பிக் காலைப் பலகாரம் செய்வது பசியோடு விளையாடுவது.

3. முட்டை இரண்டு; மஞ்சளைப் பாலோடு சேர், வெள்ளையைத் தனியாக நுரைக்க அடி.

மஞ்சள் சுவைக்கும் நிறத்துக்கும், வெள்ளை காற்றுக்கு. முட்டையைச் சில்லென்று இருக்கும்போது பிரிப்பது சுலபம், அறைச்சூட்டில் அடிப்பது சுலபம். கொடைக்கானலில் அறைச்சூடே குளிர்பெட்டிச் சூட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் நாட்கள் உண்டு. பிரித்தபின் வெள்ளை இருக்கும் கிண்ணத்தை வெதுவெதுப்பான தண்ணீரில் ஐந்து நிமிடம் உட்கார வையுங்கள். கிண்ணத்தில் எண்ணெய்ப் பசை துளி இருந்தாலும் நுரை கட்டாது. அதனால் பிளாஸ்டிக் கிண்ணம் வேண்டாம். நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு விட்டால் நுரை நிலைக்கும்.

சமவெளிக் குறிப்புகள் கிண்ணத்தைக் கவிழ்த்தாலும் விழாத அளவுக்கு அடிக்கச் சொல்லும். மலையில் அவ்வளவு வேண்டாம். கம்பியைத் தூக்கினால் நுனி வளைந்து தலைகுனிய வேண்டும், அங்கே நிறுத்துங்கள். மலைமேல் காற்று தானாகவே விரியப்போகிறது. விரிய இடம் விட்டு வைப்பதுதான் இங்கே கைப்பக்குவம்.

தைப்பூசத்துக்கு மாலை போட்ட வீட்டில் முட்டை வராது. புளிக்காத கெட்டித் தயிர் அரைக் கப்பும் ஆப்பசோடா கால் தேக்கரண்டியும் சேர்த்து, பாலை அந்த அளவுக்குக் குறைத்து, பேக்கிங் பவுடரையும் பாதியாக்கிக்கொள்ளலாம். லேசாக வராது, ஆனால் முறுகும்.

4. பால் ஒன்றரைக் கப், உருக்கிய வெண்ணெய் ஆறு மேஜைக்கரண்டி.

குளிர் ஊரில் இந்த வரிதான் ஏமாற்றும். உருக்கிய வெண்ணெயைச் சில்லென்ற பாலில் ஊற்றினால் கண்முன்னே மஞ்சள் மணிமணியாகத் திரண்டுவிடும். அந்த மாவைக் கல்லில் ஊற்றினால் மணி இருந்த இடம் எண்ணெயாக வழிந்து பொத்தலாகும், மற்ற இடம் வறண்டு ஒட்டும். பாலை விரல் வைத்தால் இதமாக இருக்கும் அளவுக்குச் சூடாக்கி, அடுப்பிலிருந்து இறக்கி, முட்டை மஞ்சளைக் கலக்கி, அதன்பின் வெண்ணெயை நூலாக ஊற்றிக் கலக்க வேண்டும். மலைக்காற்றில் ஈரம் சீக்கிரம் ஆவியாவதால் இரண்டு மூன்று மேஜைக்கரண்டி பால் கூடுதலாகக் கைவசம் இருக்கட்டும்.

5. அதிகம் கலக்காதே.

கட்டி தட்டினால் தட்டட்டும். வெள்ளை நுரையைக் கடைசியில் கரண்டியால் அடியிலிருந்து மேலே புரட்டிச் சேர்த்தால் போதும்.

6. ஆவி அடங்கும்வரை பொறு, சிவந்ததும் எடு.

நிமிடக் கணக்குச் சொல்லாமல் ஆவியைச் சொன்னது நல்ல குறிப்பின் இலக்கணம். டோஸ்டர் இடுக்கிலிருந்து முதலில் புசுபுசுவென்று ஆவி வரும். மாவில் உள்ள தண்ணீர் வெளியேறும் சத்தம் அது. தண்ணீர் இருக்கும்வரை மேல்தோல் கொதிநிலையைத் தாண்டிச் சூடேறாது, சூடேறாமல் சிவக்காது. கொடைக்கானலில் தண்ணீர் கொதிப்பது சுமார் 93 டிகிரியில். அதனால்தான் அங்கே பருப்பும் சோறும் வேகத் தாமதமாகின்றன, குக்கர் இல்லாமல் குடித்தனம் இல்லை. மாவின் உள்புறமும் அந்த 93ஐத் தாண்டாது. ஆகவே தீயைக் கூட்டி அவசரப்பட்டால் வெளியே கருகி உள்ளே களியாக இருக்கும். மிதமான தீ, கொஞ்சம் கூடுதல் நேரம். ஆவி மெலிந்து நின்றபின் திறந்து பாருங்கள். அதற்கு முன் திறந்தால் மேல்தட்டில் பாதி, கீழ்த்தட்டில் பாதி என்று கிழிந்து நிற்கும்.

பணியாரக்கல்லில் முதல் பக்கம் வேகும்போது மூடி போடலாம், புரட்டியபின் போடக்கூடாது. மூடியில் கோக்கும் தண்ணீர் சொட்டினால் அத்தனை பாடும் வீண்.

7. அடுக்காதே, மேலே ஊற்ற வேண்டியதைச் சாப்பிடும்போது ஊற்று.

சூட்டோடு ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தால் கீழே இருப்பது மேலே இருப்பதன் ஆவியில் ஊறும். சல்லடையையோ அதிரசம் வடியவைக்கும் ஓட்டைத்தட்டையோ கவிழ்த்து அதன்மேல் தனித்தனியாகப் பரப்ப வேண்டும். கொடைக்கானலில் ஐப்பசி, கார்த்திகையில் மூடுபனி ஜன்னல் வழியாகச் சமையலறைக்குள் வந்துவிடும். அப்போது பத்து நிமிடத்தில் எதுவும் நமுத்துப் போகும். சுடச்சுடத் தட்டில் போவதே உத்தமம்.

மேலே ஊற்ற மேப்பிள் சிரப் தேடி அலைய வேண்டாம். மலைத்தேன் இருக்கிறது, சீசனில் பிளம்ஸ் இருக்கிறது, நாட்டுச்சர்க்கரை போட்டுக் கொதிக்கவிட்டால் புளிப்பும் இனிப்புமாக ஒரு பாகு கிடைக்கும். எல்லாவற்றுக்கும் மேல் மலைவாழை. விருப்பாச்சி மலைவாழைக்கு 2008இல் புவிசார் குறியீடு கிடைத்தது. முடிக்கொத்து நோய் தோட்டம் தோட்டமாக அழித்ததால் அது இன்று மலிவான பழமில்லை. தோல் கறுத்து, தொட்டால் குழையும் நிலையில்தான் அதன் மணம் முழுசாக வரும். கடைக்காரர் பழுக்கவில்லை என்று ஒதுக்கும் பச்சைச் சீப்பை வாங்கித் தொங்கவிட்டுக் காத்திருப்பது உத்தமம். நீர்ச்சத்து குறைந்த பழம், நறுக்கி வைத்தாலும் வாஃபிளை ஊறவைக்காது. பழனி பஞ்சாமிர்தத்துக்கு அந்தப் பழத்தைத் தேர்ந்தெடுத்ததற்கும் இந்தக் குணமே காரணம். பஞ்சாமிர்தத்தையே மேலே தடவினால் என்ன என்று இளசுகள் கேட்கக்கூடும். சுவை பொருந்தும், சந்தேகமில்லை. ஆனால் சந்நிதியில் வாங்கியதை உள்ளங்கையில் வைத்துச் சாப்பிடுவதுதான் எனக்குப் பிடிக்கும். தடவுவதற்குக் கடையில் தனியாக ஒரு டப்பா வாங்கிக்கொள்ளட்டும்.

மாவு மிஞ்சினால் மறுநாளுக்கு வைக்காமல் அன்றைக்கே சுட்டுவிடுங்கள். சுட்டது மிஞ்சினால் மறுநாள் வெறும் தோசைக்கல்லில் மூடாமல் பக்கத்துக்கு இரண்டு நிமிடம் வாட்டினால் மொறுமொறுப்பு திரும்பும். மைக்ரோவேவில் வைத்தால் ரப்பராகும்.