தவணையும் தாமதமும்: கொழும்பு நீதிமன்றங்களில் எதிராளியின் காலம்

இலக்கிய மாணவர் நீதிமன்ற ஏடுகளை நாடுவது அருமை. ஆயினும் எதிராளி மறுமொழி அளிக்கத் தவறிய வழக்கின் ஏடு எமது அக்கறைக்குரியது; அதில் ஒரு குரல் மட்டுமே பதிவாகிறது. மற்றக் குரல் ஏன் பிந்தியது என்பது சட்டவினா மட்டுமன்று. சமூக வரலாற்று வினாவுமாகும். கொழும்பை, சிறப்பாகத் தமிழர் செறிந்து வாழும் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனைப் பகுதிகளை முன்னிறுத்தி அதனை நோக்குவோம்.

குடியேற்ற ஆட்சி 1889இல் இயற்றிய குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை, 1882ஆம் ஆண்டின் இந்தியக் கோவையைப் பெரிதும் தழுவியது. பெருந்தோட்டமும் துறைமுக வணிகமும் விரிந்த காலம் அது. கடனும் ஒப்பந்தமும் விரைந்து நிறைவேறுதல் மூலதனத்தின் தேவை. குறித்த நாளில் மறுமொழி வராவிடின் ஒருதலை விசாரணை என்ற விதி அத்தேவைக்கு இயைந்தது. ஐக்கிய முன்னணி அரசின் நீதி நிருவாகச் சட்டங்கள் (1973, 1975) இக்கோவையை அகற்றின. 1977இல் ஆட்சி மாறியதும் அது திருத்தங்களுடன் மீண்டது.

அதன் 84ஆம் பிரிவின்படி மறுமொழி வராவிடின் நீதிமன்றம் ஒருதலை விசாரணையில் இறங்கும். 86ஆம் பிரிவோ, தீர்ப்பாணை கையளிக்கப்பட்டு 14 நாட்களுள் விண்ணப்பித்து, தவறியமைக்கு நியாயமான காரணம் காட்டும் எதிராளிக்குக் கதவைத் திறக்கிறது. அந்த 14 நாள் எல்லை கட்டாயமானது என உயர் நீதிமன்றம் 2001இல் வெளியான தீர்ப்பொன்றில் வலியுறுத்தியது. ஆக, நீதிபதியின் தற்றுணிபு இரு இடங்களில் தொழிற்படுகிறது: மறுமொழிக்கு மேலும் தவணை வழங்குவதில் ஒன்று, எது நியாயமான காரணம் எனத் தீர்மானிப்பதில் மற்றொன்று.

கொட்டாஞ்சேனையிலிருந்து புதுக்கடை நீதிமன்றங்கள் நடந்து செல்லும் தூரமே. ஆயின் 1961ஆம் ஆண்டின் நீதிமன்ற மொழிச் சட்டம் சிங்களத்துக்கு வழிவகுத்த பின், இடையே மொழியென்னும் தூரம் விழுந்தது. 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை தமிழில் வழக்குரை அளிக்கவும், அரசிடமிருந்து மொழிபெயர்ப்புப் பெறவும் உரிமை தருகிறது. பதினான்கு நாட்களோ ஆணை கையளிக்கப்பட்ட நாளிலிருந்தே ஓடுகின்றன. அது விளங்கிய நாளிலிருந்தன்று. 1972ஆம் ஆண்டின் வாடகைச் சட்டம் குடியிருப்பாளருக்கு அளித்த பாதுகாப்பும், மறுமொழியில் எடுத்துரைக்கப்படாவிடின் ஊமையாகிவிடும்.

1983 ஜூலை 24 இரவு பொரளையில் மூண்ட வன்செயல் மறுநாள் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை உள்ளிட்ட பகுதிகளைச் சூழ்ந்தது. அகதி முகாம்களிலிருந்து கப்பலேறி வடக்கே சென்றவரின் கதவில் ஒட்டப்படும் அழைப்பாணை யாரைச் சென்றடையும்? இத்தகைய கேள்விக்குச் சட்டமன்றம் பிந்தியே செவிசாய்த்தது. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், அசைவற்ற ஆதனத்தை மீட்க வழக்கிட இயலாதிருந்தோருக்கு 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தை ஆட்சியுரிமைக் கணக்கிலிருந்து விலக்கியது. ஆனால் அச்சட்டம் ஆயுதப் பயங்கரவாதக் குழுக்களின் செயல்களையே காரணமாகச் சுட்டுகிறது. ஜூலைக் கும்பல்கள் துரத்தியோர் அச்சொற்களுள் அடங்குவரா என்பது ஐயத்துக்குரியது. அன்றியும் அது வழக்கிடுவோருக்கானது. மறுமொழி அளிக்க வேண்டியவர் இன்றும் நீதிபதியின் தற்றுணிபையே நம்பியிருக்கிறார்.

தாமதம் யாவும் எளியோரின் துயரம் எனக் கொள்வது இயந்திரப் பாங்கான முடிபாகும். வாகன விபத்தில் காலிழந்த தொழிலாளி நட்டஈடு கோருகையில், வசதிபடைத்த எதிராளி தவணைமேல் தவணை பெற்று அவரைக் களைப்படையச் செய்யலாம். தற்றுணிபு இருமுனைக் கத்தி. இந்திய அனுபவமும் சிந்தனைக்குரியது. அங்கே மறுமொழிக்கான 90 நாள் எல்லை கட்டாயமன்று, வழிகாட்டுவதே என உச்ச நீதிமன்றம் 2005இல் கூறியது. 2015ஆம் ஆண்டு வணிக நீதிமன்றச் சட்டத்தின் கீழோ 120 நாள் கடந்தால் மறுமொழி ஏற்கப்படாது. சாதாரண வழக்கில் நெகிழும் காலம் வணிக வழக்கில் இறுகுவது தற்செயலன்று.

எனவே, காலவெல்லையை ஒழிப்பதோ இரும்பாக்குவதோ தீர்வாகாது. எத்தனை நாள் பிந்தியது என்பதோடு, யார், எதனாற் பிந்தினார் என்றும் நீதிமன்றம் வினவல் வேண்டும். மொழியாலும் வறுமையாலும் வன்செயலாலும் பிந்தியவருக்குக் கிடைப்பது சலுகையாகாது. கேட்கப்படுவதற்கான அவர்தம் உரிமையே அது. அவ்வுரிமை நீதிபதியின் இரக்கத்தில் மட்டும் தங்கியிருக்கும்வரை, ஒரு குரல் ஏடுகள் பெருகிக்கொண்டேயிருக்கும்.