சேலம், நாமக்கல் சமவெளிக் கல்வெட்டுகள்

சேர்வராயன் மலைக்கும் கொல்லிமலைக்கும் இடையிலும் அவற்றைச் சுற்றியும் காவிரிக்கரை வரை பரந்து கிடக்கும் நிலத்தில் பாறை, குகை, கோயிற்சுவர், நடுகல், வழிக்கல் ஆகியவற்றில் வெட்டப்பட்ட எழுத்துகளே சேலம், நாமக்கல் சமவெளிக் கல்வெட்டுகள். தருமபுரி 1965இலும் நாமக்கல் 1997இலும் சேலத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டங்களாயின. கல்வெட்டுகள் வெட்டப்பட்ட காலத்தில் இந்த எல்லைகள் இல்லை. ஆகவே ஆற்றுக்கு அக்கரையிலுள்ள கரூரையும் வடக்கே தருமபுரியைச் சூழ்ந்த பழைய தகடூர் நாட்டையும் சேர்த்தே இவற்றைப் படிக்க வேண்டும். அரச வரிசையையும் போர்களையும் கணிப்பதற்கே இவை நெடுங்காலம் பயன்பட்டன. அவற்றைவிட இவை நன்றாகச் சொல்லக்கூடியது சமூகத்தைப் பற்றி. ஆனால் அதை நேராகச் சொல்வதில்லை. எல்லாரும் ஒப்புக்கொண்டு நடந்த வழக்கத்தை யாரும் செலவு செய்து கல்லில் வெட்டுவதில்லை. ஒருவர் மறுக்கக்கூடியது, நாளை மறந்துவிடக்கூடியது, பிடுங்கிக்கொள்ளக்கூடியது எதுவோ அதுவே கல்லுக்கு வந்தது. எனவே ஒரு கல்வெட்டில் எழுதியிருப்பதை மட்டுமல்லாமல், அதை எழுதவேண்டி வந்த நெருக்கடியையும் படிக்க வேண்டும்.

இதற்குத் தெளிவான சான்று கோனேரின்மைகொண்டான் என்ற பட்டத்தோடு வெளியிடப்பட்ட ஓர் ஆணை. கொங்குச் சோழர் ஆட்சியைச் சேர்ந்த இந்த ஆணை, கரூர் அமைந்த வெங்கால நாட்டின் கைவினைஞரான கம்மாளருக்குச் சில உரிமைகளை வழங்குகிறது. பதினைந்தாம் ஆட்சியாண்டு ஆடி மாதம் முதல் அவர்கள் தங்கள் வீட்டு நன்மை தீமைகளுக்கு இரட்டைச் சங்கு ஊதலாம், பேரிகை கொட்டலாம், வெளியே போகும்போது காலில் செருப்பு அணியலாம், வீட்டுச் சுவருக்குச் சாந்து பூசலாம். இதை அரசனின் பெருந்தன்மைக்குச் சான்றாக மட்டும் காட்டுவது பாதிப் படிப்பு. ஆடி மாதத்துக்கு முந்தைய நாள் வரை இவை நான்கும் அவர்களுக்கு மறுக்கப்பட்டிருந்தன என்பதும் அதே கல்லில் இருக்கிறது. கோயிலை எழுப்பிய கல்தச்சனும் அதன் திருமேனியை வார்த்த கன்னானும் தம் வீட்டுச் சுவரைப் பூசிக்கொள்ள அரசாணை தேவைப்பட்டது. தடையைச் சொல்லும் சாசனம் எதுவும் வேண்டாம். அனுமதியே தடைக்குச் சாட்சி. கல்லில் எழுத்தை வெட்டியவர்களும் கம்மாளர் வகுப்பினரே என்பதால், தங்களுக்குக் கிடைத்த இந்த உரிமையைக் கல்லில் ஏற்றுவதில் அவர்களுக்கு இருந்திருக்கக்கூடிய அக்கறையையும் எண்ணிப் பார்க்கலாம்.

கைவினைஞரைப் பற்றிக் கல் பேசும்போது அயல்நாட்டு ஒப்புமை ஒன்று உதவும். ஏதென்ஸ் நகரின் எரெக்தியோன் கோயில் கட்டுமானக் கணக்குகள் கி.மு. ஐந்தாம் நூற்றாண்டின் இறுதியில் கல்லில் வெட்டப்பட்டன. அவற்றில் சமூகநிலை தெரியவரும் 86 வேலைக்காரர்களில் 24 பேர் குடியுரிமை பெற்றவர்கள், 42 பேர் வெளியூரிலிருந்து வந்து குடியேறியவர்கள், 20 பேர் அடிமைகள். நாட்கூலி பெரும்பாலும் எல்லாருக்கும் ஒரு திராக்மாதான். கூலியில் சமம் என்பதைக் கல் காட்டுகிறது. அடிமையின் கூலி ஆண்டையிடம் போயிருக்கும் என்பதை நாம்தான் சேர்த்துப் படிக்க வேண்டும். வெங்கால நாட்டு ஆணை இதற்கு நேர்மாறு. அங்கே கூலிக் கணக்கு இல்லை, மானக் கணக்கு இருக்கிறது. ஏதென்ஸ் நகரம் தன் மக்களுக்குக் காசுக் கணக்கை ஒப்புவிக்க வேண்டியிருந்தது. கொங்கில் சண்டை செருப்பையும் சங்கையும் சுற்றி நடந்தது. எதைக் கல்லில் ஏற்றினார்கள் என்பதிலேயே அந்தந்தச் சமூகத்தின் வலி எங்கே இருந்தது என்பது தெரிகிறது.

இந்த வாசிப்புக்கு ஒரு மறுப்பு உண்டு. ஆணை பிறந்ததால் நடைமுறை மாறிவிட்டது என்று எப்படிச் சொல்வது? உரிமைகளை வழங்கியதற்கு ஈடாக அரசு ஏதேனும் பெற்றிருக்கலாம் அல்லவா? இரண்டும் நியாயமான கேள்விகள். ஆனால் ஆணை நிறைவேறியது என்பதை இங்கே நிறுவத் தேவையில்லை. ஒரே ஆணை கரூரிலும் கோவைக்கு அருகிலுள்ள பேரூரிலும் வெட்டப்பட்டிருப்பது, கேட்டவர்கள் சிதறிய தனியாட்கள் அல்லர், நாடு கடந்து கூடிப் பேசிய ஒரு வகுப்பினர் என்பதைக் காட்டுகிறது. விலை கொடுத்தே பெற்றிருந்தாலும், விலை கொடுக்கும் அளவுக்கு அந்த இழிவு உறுத்தியது என்றுதான் அதற்குப் பொருள்.

இதைவிட வலுவான மறுப்பு, கல்வெட்டு என்பது செல்வருடைய குரல், ஏழைக்குக் கல்லில் இடமில்லை என்பது. கோயிற்சுவரை மட்டும் பார்த்தால் இது பெரிதும் உண்மை. நாமக்கல் மலையில் அதியர் குலத்துக் குணசீலன் குடைவித்த குகைக்கோயில் கிரந்த எழுத்தில், வடமொழியில் தன்னை அதியேந்திர விஷ்ணுகிருகம் என்று அறிவித்துக்கொள்கிறது. மாடு மேய்த்தவருக்காக எழுதிய எழுத்து அன்று அது. ஆனால் அந்தக் குகையிலிருந்து வடக்கே போனால் தருமபுரி, செங்கம் நிலத்தில் வட்டெழுத்தில் தமிழ் பேசும் நடுகற்கள் நூற்றுக்கணக்கில் நிற்கின்றன. தமிழ்நாடு தொல்லியல் துறை 1970களில் இவற்றைத் தொகுத்து வெளியிட்டது. யார் தொறுவை (மாட்டு மந்தையை)க் கவர்ந்தார், யார் மீட்டார், யார் பட்டார் என்பதுதான் அவற்றின் செய்தி. எடுத்தனூர் நடுகல் பல்லவ மன்னன் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டில் தன் எருமைகளைக் காக்கப்போய் இறந்த கருந்தேவக்கத்தியின் பெயரைச் சொல்கிறது. இரண்டு கள்வரைக் கடித்து நின்ற அவனுடைய நாயின் பெயர் கோவிவன் என்பதையும் சொல்கிறது. பல்லவனுக்கு அங்கே ஆண்டைக் குறிக்கும் வேலை மட்டுமே. மாடே செல்வமாகவும், மாட்டுக்காகச் சாவதே புகழாகவும் இருந்த ஒரு மேய்ச்சல் சமூகம் தன் கணக்கைத் தானே எழுதிவைத்த இடம் இது.

காவிரியின் தென்கரையில், பரமத்தி வேலூருக்கு எதிரே, புகழூர் ஆறுநாட்டார் மலையிலுள்ள தமிழி (தமிழ்-பிராமி) எழுத்துகள் இன்னும் பழையவை. சேரர் மூன்று தலைமுறையினரின் பெயர் அங்கே வருகிறது. கோ ஆதன் செல்லிரும்பொறை, அவன் மகன் பெருங்கடுங்கோ, அவன் மகன் இளங்கடுங்கோ. அதே மலையில் கருவூர்ப் பொன்வாணிகன் நத்தி சமணத் துறவிக்கு அமைத்துக் கொடுத்த இருக்கையும் பதிவாகியிருக்கிறது. இளவரசனும் வாணிகனும் ஒரே மலையில், ஒரே எழுத்தில், ஒரே வகைக் கொடையைச் செய்கிறார்கள். எழுத்து அரசவையின் தனியுடைமையாக இருந்ததில்லை என்பதற்கு இதைவிட நல்ல சான்று இந்த வட்டாரத்தில் இல்லை.

எழுத்தறியாதவரையும் கல் அடியோடு விட்டுவிடவில்லை. தருமபுரிப் பகுதியில் கிடைத்த அதியமான் பெருவழிக் கல், நாவற்றாவளம் என்ற இடத்துக்கு 29 காதம் என்பதை எழுத்தில் சொல்வதோடு குழிகள் இட்டும் காட்டுகிறது. பொதிமாடு ஓட்டி வந்தவர் விரலால் தடவியே தொலைவை அறியலாம். சேலம் மாவட்டத்து ஆறகழூரிலும், வாணகோவரையர் ஆண்ட மகதை மண்டலத்தில், இவ்வகைக் காதக்கல் ஒன்று உண்டு. வெட்டச் சொன்னவர்கள் தங்கள் வாசகர் யார் என்று யோசித்திருக்கிறார்கள்.

அரசரின் புகழ்பாடும் மெய்க்கீர்த்திகள் மிகைப்படுத்துகின்றன, ஆகவே கல்வெட்டை நம்ப முடியாது என்பது அடிக்கடி கேட்கும் வாதம். மெய்க்கீர்த்தி முகப்புதான். அதற்குப் பின்னால் வரும் நிலத்தின் நான்கெல்லை, விளக்கெரிக்க விட்ட ஆடுகள், கையெழுத்திட்டவர் பெயர் ஆகியவற்றில் பொய் சொன்னால் மறுநாளே பக்கத்து வயல்காரர் கேட்டிருப்பார். அழிவு என்பதுதான் உண்மையான இடர். திருப்பணியில் கற்கள் இடம் மாறி, வரிகள் துண்டாகிக் கிடக்கின்றன. சுண்ணாம்பும் மணல் பீய்ச்சிச் செய்த சுத்தமும் பல சுவர்களில் எழுத்தைத் தின்றிருக்கின்றன. ஏரிக்கரையிலும் வயலோரத்திலும் நிற்கும் நடுகற்களுக்குக் காவலே இல்லை. கோயிலுக்குக் காப்பு கிடைத்து மேய்ச்சல் நிலத்துக்குக் கிடைக்காமல் போனால், செல்வரின் குரல் மட்டுமே கல்லில் உண்டு என்ற மறுப்பை நாமே உண்மையாக்கியவர்கள் ஆவோம்.

நடுகல்லும் எட்டாத இடம் ஒன்று உண்டு. உழுத ஆள் கல்வெட்டுகளில் பெரும்பாலும் நிலத்தோடு சேர்த்துக் கைமாறும் உரிமையின் ஒரு பகுதியாக, பெயரின்றி வருகிறார். கம்மாளருக்குக் கூடிக் கேட்க வலு இருந்தது, கேட்டதை வெட்டக் கையில் உளியும் இருந்தது. வயலில் நின்றவருக்கு அவை இரண்டும் இல்லை. அந்த மௌனத்தைச் சமூகம் அமைதியாக இருந்ததற்கு அடையாளமாகக் கொள்ளக் கூடாது.